அரிப்பு என் சொத்து

ஜனவரி 9, செவ்வாய்

இன்று காலை ஏழு மணிச் செய்தியில் என் நோயை நானே வாசித்தேன்.

கோதுமை விலை, பனியால் மூடிய சாலைகள், தாமதமாகத் திறக்கும் பள்ளிகள். அவற்றுக்குக் கீழே வேட் செருகி வைத்திருந்தான்: நாள்பட்ட அரிப்புத் தோல் நோய் உள்ளவர்களுக்குச் சில வகைப் புற்றுநோய்கள் வரும் வாய்ப்பு கொஞ்சம் கூடுதலாக 'இருக்கலாம்' என்று ஓர் ஆய்வு. இருக்கலாம்! அந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டு எத்தனை பேராசிரியர்கள் குடும்பம் நடத்துகிறார்களோ.

முன்கூட்டிப் பார்த்து வைக்காதது என் தப்பு. ஆனாலும் குரல் நடுங்கவில்லை. பள்ளிக்கூட நாளிலிருந்து என் தோல்தான் என்னை அவமானப்படுத்தியிருக்கிறது, குரல் ஒரு நாளும் இல்லை. வானொலியில் முகமும் கையும் தெரியாது. வேறு எதற்காக இந்த வேலைக்கு வந்தேன்?

செய்தி முடிந்ததும் வேட் துக்க வீட்டு முகத்தோடு உள்ளே வந்தான். நிலைய மேலாளர் என்று பெயர்.

"தோரா, யோசிக்காம வெச்சுட்டேன். உனக்கு ஒண்ணும்…"

"எனக்கென்ன? வானிலை எங்கே? அதக் குடு."

என் பருத்திக் கையுறைகளையே பார்த்துக்கொண்டு நின்றான். நான் எழுந்து போனதும் மைக்கைத் துடைக்கிறவன் இவன். எனக்குத் தெரியாதென்று நினைப்பு.

ஜனவரி 10, புதன்

இந்த ஊரில் ரேடியோ கேட்கிறவர்கள் இருக்கிறார்கள் என்பது இன்றுதான் உறுதியானது.

கடையில் மார்லிஸ் பால் டப்பாவை மார்போடு அணைத்துக்கொண்டு வழியை மறித்தாள். தேவாலயத்தில் எந்த விருந்தென்றாலும் அவள் வைத்ததுதான் சட்டம்.

"நேத்து நீ வாசிச்சதக் கேட்டேன். உனக்காக நாங்க எல்லாரும் ஜெபிக்கிறோம், தோரா."

"எதுக்கு?"

"அதான்… அந்த வியாதி…"

"'வரலாம்'னுதான சொன்னேன்? அதுக்குள்ள ஆரம்பிச்சாச்சா?"

இதே பெண்கள்தான். ஒரு தேவாலய விருந்துக்கு நான் மாட்டிறைச்சியும் உருளைக்கிழங்கும் போட்டு அடுப்பில் வேகவைத்து எடுத்துப் போனேன். ஒரு கரண்டி குறையாமல் திரும்பி வந்தது. அடுத்த முறை கடையில் வாங்கிய ரொட்டியைக் காகிதம் பிரிக்காமல் வைத்தேன். நிமிடத்தில் காலி. அன்றைக்குப் பிரசங்கம், ஏசு குஷ்டரோகியைத் தொட்டது பற்றி. எல்லாரும் உருகி உருகிக் கேட்டார்கள்.

ஜனவரி 14, ஞாயிறு

கான்னி வந்தாள். என் தங்கை. பள்ளிப் பேருந்து ஓட்டுகிறாள். கொட்டும் பனியில் ஊர்ப் பிள்ளைகளை எல்லாம் ஒரு கீறல் இல்லாமல் வீடு சேர்க்கிற அதே மூளை, கைபேசியில் எவன் எதைச் சொன்னாலும் நம்பிவிடும். போன வருடம் செம்பு வளையல். இப்போது சீனி கிடையாது, கோதுமை கிடையாது.

வாசலிலேயே ஒரு சுற்றுச் சுற்றிக் காட்டினாள். கால்சட்டை இடுப்பில் தொளதொளவென்று தொங்கியது.

"பாத்தியா? கோதுமைய விட்டதும் எப்படி இறங்கிடுச்சு பாரு! நீயும் விடு தோரா, அரிப்பு பறந்துடும்."

"வடக்கு டகோட்டாவுல உக்காந்துக்கிட்டு கோதுமையத் திட்டாதடி. கல்லெடுத்து அடிப்பாங்க."

சிரிப்பாள் என்று பார்த்தால் அழுதாள். செய்தியைப் பேருந்தில் கேட்டிருக்கிறாள், பின்னால் இருபது பிள்ளைகளை வைத்துக்கொண்டு.

"ஃபார்கோவுல தோலுக்குன்னே ஒரு டாக்டரம்மா இருக்காங்களாம். நானே கூட்டிட்டுப் போறேன்."

"எத்தன பேரப் பாத்தாச்சு. எல்லாரும் ஒண்ணுதான் சொல்வாங்க. சொறியாதே."

சொறியாதே. மூச்சு விடாதே என்று சொல்வதற்கும் இதற்கும் என்ன வித்தியாசம்? இதைச் சொல்லத்தான் அத்தனை வருடம் படிக்கிறார்களா?

ஜனவரி 22, திங்கள்

வேட் மைக்குக்குப் புதுப் பஞ்சுறை வாங்கியிருக்கிறான். எனக்கென்று தனியாக. நீல நிறம். என்ன கரிசனம்!

பிப்ரவரி 3, சனி

இடுப்பில் புதிதாக ஒரு திட்டு.

என் திட்டுகளை எனக்குத் தெரியும். தடித்தவை, வெடித்தவை, முழங்காலுக்குக் கீழே கூழாங்கல் மாதிரி உருண்டு நிற்பவை — எல்லாம் பழைய குடித்தனக்காரர்கள். இது அந்த வகையறா இல்லை. தட்டையாக, ஆழ்ந்த சிவப்பாக, சிகரெட் காகிதம் போலச் சுருங்கி இருக்கிறது.

பயமா? சீ. ஒரு 'இருக்கலாம்'-க்கா?

கண்ணாடி முன்னால் திரும்பித் திரும்பிப் பார்த்துக் கழுத்து வலிக்கிறது. கான்னியிடம் மட்டும் சொல்லக் கூடாது.

சொல்லிவிட்டேன்.

பிப்ரவரி 16, வெள்ளி

ஃபார்கோ போய் வந்தாயிற்று. இன்றே எழுதிவிட வேண்டும்.

சாலைக்குக் குறுக்கே பனி புகை மாதிரி ஓடிக்கொண்டிருந்தது. வெளியே மூக்கு உதிர்ந்துவிடும் குளிர். கான்னி ஓட்டுநர் பக்கத்து ஜன்னலை இறக்கினாள்.

"மூடுடி! பைத்தியமா உனக்கு?"

"வேர்க்குது."

"அந்த வயசு வந்தாச்சு. ஒத்துக்கோ."

ஜன்னலை ஏற்றிவிட்டாள்.

டாக்டர் யூன். சின்ன உருவம், சத்தம் போடாத காலணி. இகழ்வதற்கு ஏதாவது அகப்படுமா என்று பார்த்தேன். உள்ளே வந்ததும் முதல் வேலையாக என் கையைப் பிடித்துக் குலுக்கினார், வெறும் கையால். பிறகுதான் உறையைத் தேடினார். எனக்குக் கோபம்கூட வந்தது. இத்தனை வருடம் மற்றவர்களுக்கு என்ன கேடு?

தலையிலிருந்து பாதம் வரை பார்த்தார். அந்தச் செய்தியைப் பற்றிக் கேட்டேன்.

"பொய்யில்ல. உங்கள மாதிரி இருக்கிறவங்களுக்கு வாய்ப்பு கொஞ்சம் கூடன்னு சில ஆய்வு சொல்லுது, சிலது இல்லங்குது. எதனாலன்னு யாருக்கும் இன்னும் சரியாத் தெரியல. பெரும்பாலானவங்களுக்கு வரவே வராது. ஆனா தோல்ல புதுசா ஒண்ணு வந்தா, பழசுதான்னு விட்டுடக் கூடாது. இதுல துளி வெட்டி எடுத்துச் சோதிச்சுருவோம்."

சொறியாதே என்று ஒரு தடவைகூடச் சொல்லவில்லை.

ஊசி போட்டு, வெட்டி, தையல் போட்டுக்கொண்டிருந்தவர் சட்டென்று தலையைத் திருப்பினார். சுவரோரம் உட்கார்ந்திருந்த கான்னி, ஒரு பேனாவைக் காலணிக்குள் விட்டுக் கணுக்காலைச் சொறிந்துகொண்டிருந்தாள்.

"உங்களுக்கு எவ்வளவு நாளா இருக்கு?"

"எனக்கா? எனக்கு ஒண்ணுமில்ல டாக்டர். குளிருக்குத் தோல் காயுது. நீங்க அவளப் பாருங்க."

"காட்டுங்க பாப்போம்."

கான்னி கால்சட்டையைச் சுருட்டினாள். கணுக்காலிலிருந்து முழங்கால் வரை நகக்கீறல், காய்ந்த ரத்தம். ஆனால் அடியில் ஒன்றுமே இல்லை. ஒரு தடிப்பு இல்லை, ஒரு திட்டு இல்லை. கீறாத இடமெல்லாம் குழந்தைத் தோல்.

"எப்போலேருந்து?"

"அறுவடை நேரத்துலேருந்து… இருக்கும்."

"வேர்க்குதா? எடை குறைஞ்சுதா?"

"குறைஞ்சுது டாக்டர்! நான் கோதுமைய விட்டு—"

பாதியில் நின்றுவிட்டாள். அவள் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை.

டாக்டர் அவள் கழுத்தைத் தடவிக்கொண்டே வந்தார். காறை எலும்புக்கு மேலே விரல் நின்றது. தாண்டிப் போய், திரும்ப அதே இடத்துக்கு வந்தது. "இன்னிக்கே ஒரு எக்ஸ்ரே எடுத்துட்டுப் போங்க. ரத்தமும் குடுத்துடுங்க," என்றார். அவ்வளவு மென்மையாகச் சொன்னார்.

திரும்பும்போதும் அவள்தான் ஓட்டினாள்.

"ஏன் எங்கிட்ட சொல்லல?" என்றேன்.

சாலையை விட்டுக் கண்ணை எடுக்காமல் சொன்னாள்: "உங்கிட்டயா? எனக்கு அரிக்குதுன்னு உங்கிட்ட வந்து சொல்லவா? நம்ம வீட்டுல அரிப்பு உன்னோட சொத்து, தோரா. கொசு கடிச்சுதுன்னு சொன்னாக்கூட அம்மா, 'உங்க அக்காவப் பாரு, அவ வாயத் திறக்கிறாளா'ன்னுதான் கேப்பா. சரி, நான் சொல்லியிருந்தா நீ என்ன சொல்லியிருப்பே? அதச் சொல்லு."

என்ன சொல்லியிருப்பேன் என்று எனக்குத் தெரியும். இங்கே எழுதப் போவதில்லை.

பிப்ரவரி 27, செவ்வாய்

என் திட்டு புற்றுநோய் இல்லை. பழைய நோய்தான், புது வேஷம் கட்டிக்கொண்டு வந்திருக்கிறது.

கான்னிக்கு இருக்கிறது. எக்ஸ்ரேவில் நிழல் தெரிந்ததும் கழுத்துக் கட்டியிலும் துளி எடுத்துச் சோதித்தார்கள். நிணநீர்ச் சுரப்பிகளில், கழுத்திலும் நெஞ்சுக்குள்ளும். டாக்டர் யூன் தொலைபேசியில் அவளிடம் நிதானமாகச் சொன்னார், நான் பக்கத்தில் இருந்து கேட்டேன். இது பலருக்குக் குணமாகிற வகை. தோலில் ஒன்றுமே இல்லாமல் அப்படி அரித்தால், சில நேரம் உள்ளேயிருந்து வருகிற செய்தி அது.

தோல் அழகாக இருக்கிறவர்களைப் பற்றி அன்றைய செய்தியில் ஒரு வரி இல்லை.

கடையில் மறுபடியும் மார்லிஸ். "உனக்கு ஒண்ணுமில்லையாமே! கர்த்தர் ஜெபத்தக் கேட்டுட்டாரு பாத்தியா?"

"கேட்டுட்டாரு. வியாதியத்தான் முகவரி மாத்தி அனுப்பிட்டாரு."

அவளுக்குப் புரியவில்லை. கான்னியின் செய்தியை யாராவது அவளுக்குச் சொன்ன பிறகு புரியும். புரியட்டும்.

மார்ச் 8, வெள்ளி

கான்னிக்கு முதல் முறை மருந்து ஏற்றினார்கள். போக வர நான்தான் ஓட்டினேன். வழி நெடுக நோயாளி எனக்கு வண்டி ஓட்டக் கற்றுக்கொடுத்தாள்.

"லாரி வருது, ஒதுங்கு. ஏன் இப்படி ஸ்டீயரிங்க கழுத்தப் பிடிக்கிற மாதிரி பிடிக்கிற?"

"வாந்தி வந்தா சொல்லு. அறிவுரை வந்தா முழுங்கு."

மார்ச் 21, வியாழன்

காலைச் செய்தி முடிந்த கையோடு கான்னியின் அழைப்பு.

"நின்னுடுச்சு தோரா! அரிப்பு நின்னுடுச்சு! நேத்து பூரா சொறியவே இல்ல, இன்னிக்கும் இல்ல. எப்படி இருக்குது தெரியுமா? வீட்டுக்குள்ள ஓடிக்கிட்டே இருந்த மெஷின யாரோ அணைச்ச மாதிரி. நீ எப்படித்தான் இத்தன வருஷம்…" மேலே பேச முடியாமல் அழுதாள்.

"நல்லது," என்றேன். வைத்துவிட்டேன்.

கையுறையைக் கழற்றி இரண்டு முழங்கையையும் ரத்தம் வரச் சொறிந்தேன். சில மாதம் அரித்தது, ஒரு மருந்து, முடிந்தது அவளுக்கு! எனக்கு?

தலைமுடி கொத்துக் கொத்தாக உதிர்ந்துகொண்டிருக்கும் தங்கையைப் பார்த்துப் பொறாமை. ஊரில் எல்லாரையும் ஏளனம் செய்கிறேனே, இன்றைக்கு இந்த வீட்டில் இருப்பவளைவிடக் கேவலமான பிறவி எவள்?

ஏப்ரல் 12, வெள்ளி

வேட் இன்று 'மென்மையான சருமத்துக்கு ஐந்து வழிகள்' என்று ஒன்றை என் முன்னால் வைத்தான். ஐந்து வழிகள்!

அதை ஓரமாகத் தள்ளிவிட்டு மைக்கில் பேசினேன். "தோல்ல தடிப்போ புண்ணோ எதுவும் இல்லாம வாரக்கணக்கா அரிக்குதா? ராத்திரி வேர்க்குதா? காரணமில்லாம எடை குறையுதா? டாக்டர்கிட்ட போங்க. பெரும்பாலும் ஒண்ணும் இருக்காது. ஆனா போங்க. வீட்டுல ஒருத்தி நக்கல் பண்ணுவாளேன்னு பயந்துக்கிட்டு உக்காந்திருக்காதீங்க. அவ கெடக்குறா."

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் வேட் எழுந்தே நின்றுவிட்டான்.

"எழுதிக் குடுத்ததுல அது இல்லையே!"

"இல்ல. அதான் கேக்குற மாதிரி இருந்துது."

தொலைபேசி மணி அடித்தது. கோதுமை விலையை ஏன் வாசிக்கவில்லை என்று ஒரு விவசாயி. ஊர் ஊராகவே இருக்கிறது. மதியம் இன்னொரு அழைப்பு, குரலை மிகவும் தாழ்த்திய ஒரு பெண்: "காலைல சொன்னீங்களே… நீங்க போன டாக்டர் பேரு என்ன?" எழுத்துக்கூட்டிச் சொன்னேன்.

மே 19, ஞாயிறு

கான்னி மதியச் சாப்பாட்டுக்கு வந்தாள். மொட்டைத் தலையில் தொப்பிகூடப் போடவில்லை. ஸ்கேன் எடுத்ததில் கட்டிகள் பாதிக்கும் மேல் சுருங்கிவிட்டனவாம். இன்னும் மருந்து பாக்கி இருக்கிறது. ரொட்டியில் வெண்ணெய் தடவி மூன்று துண்டு தின்றாள்.

பாத்திரம் கழுவப் போனபோது முதுகில் அரிப்பு பிடித்துக்கொண்டது. யாரும் பார்க்கவில்லை என்று நினைத்துக் கதவு நிலையில் மாடு மாதிரி உரசினேன்.

"அந்தக் களிம்பு மருந்தக் கொண்டா," என்றாள் பின்னாலிருந்து. "சட்டையத் தூக்கு."

"வேண்டாம். பாக்குற மாதிரி இருக்காது."

"என் தலையப் பாத்துக்கிட்டுதான சோறு தின்ன? தூக்கு."

மெர்ல் இந்த வீட்டில் புருஷனாக இருந்த காலத்தில்கூட விளக்கை அணைக்காமல் என் முதுகைப் பார்த்ததில்லை. பகல் வெளிச்சத்தில் பாத்திரம் கழுவும் தொட்டியைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"ஏத்துற மருந்துல விரல் நுனியெல்லாம் மரத்துக் கெடக்கு. எங்கன்னு தெரியல. இங்கயா?"

"கீழ."

"இங்கயா?"

"இன்னும் கீழ. நீ பஸ் ஓட்டினதே தேவலாம்."

"வாய மூடிட்டு நில்லு."

நின்றேன். ஜன்னலுக்கு வெளியே உழுத வயல், கறுப்பாக. மருந்தெல்லாம் தோலில் இறங்கி வெகுநேரம் ஆகியும் அவள் தடவிக்கொண்டேயிருந்தாள். மரத்த விரல், தெரிந்திருக்காது. நான் சொல்லவில்லை.