மாரெனின் அழுகை

1952 பிப்ரவரி 11, திங்கள்

இன்றும் வேலைக்காரி வேடம். அதே வெள்ளை ஏப்ரன், அதே காப்பித் தட்டு, "டாக்டர் வந்திருக்கார்ம்மா" என்று ஒரே ஒரு வரி. அதையும் கதாநாயகனின் இருமல் விழுங்கிவிட்டது. திரும்ப எடுக்க நேரமில்லையாம்.

வீட்டுக்குள் நுழைந்ததும் என் கணவன் ஐனார் வழக்கம்போலக் கேட்டான். "இன்னிக்கு யாரு வீட்ல சமையல்?" அவனுக்கென்ன, டிராம் ஓட்டுகிறவன். மணியடித்தால் கோபன்ஹேகன் முழுக்க வழிவிடுகிறது. எனக்குச் சிரிப்பு வரவில்லை.

இருபது வருஷமாகத் திரையில் இருக்கிறேன். தெருவில் பார்ப்பவர்கள், எப்போதோ குடியிருந்த பக்கத்துவீட்டுக்காரி என்று நினைத்துத் தலையசைக்கிறார்கள். தோரா என்ற என் பெயர் ஒருவருக்கும் தெரியாது.

பிப்ரவரி 19

இயக்குநர் லோசே கூப்பிட்டு அனுப்பினார். மேற்குக் கடற்கரை மீனவக் குடும்பத்தைப் பற்றிய படம். கடலுக்குப் போன மகன் திரும்புவதில்லை. அந்தத் தாய் வேடத்துக்கு எனக்கு ஒரு சோதனை!

நான் அதே கடற்கரையின் மீனவ ஊரான ஹார்போயரக்காரி என்பது அவருக்குத் தெரியாது. சொல்லவும் இல்லை. "செய்தி வருது, அழுங்க" என்றார். அழுதேன்.

அது என் அழுகை இல்லை. அண்ணன் ஆனர்ஸின் படகு திரும்பாத அன்று அடுப்படியில் நின்று அம்மா போட்ட சத்தம். அழுகை மாதிரியே இருக்காது. மூச்சை உள்ளே இழுக்கும்போதே எழும்பும், வெளியே விடும்போது ஒன்றும் இருக்காது. நான் கதவோரம் நின்று கேட்டேன். அன்றிலிருந்து என்னிடம் இருக்கிறது. எந்தப் படத்திலும் எடுத்துக் கொடுத்ததில்லை. வேலைக்காரிகளுக்கு அழ வரி கிடையாதே.

லோசே கையிலிருந்த பெயர்ப் பட்டியலை மடித்து வைத்தார். பிறகு, "வேற யாரையும் பார்க்க வேண்டியதில்ல" என்றார்.

மார்ச் 4

தாய் வேடத்தை நட்சத்திர நடிகை விபேகாவுக்குக் கொடுத்துவிட்டார்கள்.

மார்ச் 5

நேற்று எழுத முடியவில்லை. முதல் போட்டவர்களுக்குச் சுவரொட்டியில் ஒரு முகம் வேண்டுமாம். லோசே என் கண்ணைப் பார்க்காமல் சொன்னார். எனக்கு அடுத்த வீட்டுக்காரி வேடம். துக்க வீட்டுக்கு ரொட்டி கொண்டுவந்து வைத்துவிட்டுப் போக வேண்டும்.

விட்டெறிந்திருக்கலாம். ஏன் செய்யவில்லை? ரொட்டி வைக்கும் காட்சியிலாவது அந்த வீட்டுக்குள் நிற்கலாமே என்றா? சீ.

ஏப்ரல் 24, தீபோரோன்

கடற்கரையில் படப்பிடிப்பு. கண்ணெல்லாம் மணல். விபேகா கெட்டவள் இல்லை, அதுதான் தொல்லை. கெட்டவளாயிருந்தால் வெறுப்பது சுலபம். அவளுக்கு அழ வரவில்லை. கண்ணீர் கொட்டுகிறது, சத்தம் மட்டும் நாடகக்காரியின் சத்தம். கடைசியில் லோசே, வாயை மட்டும் திறங்கள், ஒலியை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்றுவிட்டார்.

சாப்பாட்டு வேளையில் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"நீங்க சோதனைல அழுததை எல்லாரும் சொல்றாங்க. எதை நினைச்சு அழுதீங்க?"

"ஒண்ணும் நினைக்கல."

கருவாட்டைத் தட்டிலேயே விட்டுவிட்டு எழுந்தேன். ஹார்போயர இங்கிருந்து பக்கம்தான். அக்காவைப் பார்க்கப் போகவில்லை. கிர்ஸ்டின் அக்கா இறைப்பணிக் கூட்டம் என்ற கண்டிப்பான கிறிஸ்தவச் சபைக்காரி. சினிமா என்றாலே பாவம்.

ஜூன் 17

ஒலிப்பதிவு அறைக்கு வரச் சொன்னார் லோசே. போனதும் புரிந்துவிட்டது.

"அவங்களை வச்சு ரெண்டு நாளா முயற்சி பண்ணிட்டோம் தோரா. ஒட்டல. நீங்க ஒரு தடவை அழுது கொடுத்தீங்கன்னா..."

"முகம் அவங்களோடது, குரல் என்னோடதா?"

"யாருக்கும் தெரியப்போறதில்ல."

"அதைத்தான் நானும் சொல்றேன்."

கோட்டை எடுத்து மாட்டிக்கொண்டேன். அப்போது யாரோ படத்தை ஓட்டினார்கள். மேற்குக் கடற்கரை அடுப்படி. கறுப்புச் சால்வை. ஒரு பெண் வாயைத் திறந்து நிற்கிறாள், சத்தமே இல்லை. அந்த வாயை அப்படியே விட்டுவிட்டு வர என்னால் முடியவில்லை. கோட்டோடேயே ஒலிவாங்கி முன்னால் நின்று அழுதேன். ஒரே தடவை. சரியாகப் பொருந்திவிட்டது.

வரும் வழியெல்லாம் என்னையே திட்டிக்கொண்டு வந்தேன்.

செப்டம்பர் 12

முதல் காட்சி. அந்த இடம் வந்தபோது அரங்கில் ஒரு நாற்காலிகூட அசையவில்லை. ஐனாருக்கு நான் எதுவும் சொல்லியிருக்கவில்லை. இருட்டில் என் மணிக்கட்டைப் பிடித்தான். "இது நீ" என்றான். அவன் வாயைப் பொத்தினேன்.

அவனுக்கு எப்படித் தெரிந்தது? எங்கள் குழந்தை பிறந்தவுடனேயே இறந்துபோனபோது கேட்டிருக்கிறான் போலிருக்கிறது. நான் அப்படி அழுதது எனக்கே நினைவில்லை.

செப்டம்பர் 13

பத்திரிகைகளில் எல்லாம் விபேகாவின் அழுகைதான். "தொண்டையிலிருந்து அல்ல, கடலடியிலிருந்து வருகிறது" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். அடுத்த வீட்டுக்காரி ரொட்டி வைத்ததைப் பற்றி யாரும் எழுதவில்லை.

1953 ஜனவரி 23

விபேகாவுக்குச் சென்ற ஆண்டின் சிறந்த நடிகை விருது. மேடையில், கடற்கரைப் பெண்கள் எல்லோருக்கும் நன்றி என்றாள். நாங்கள் எல்லோரும் கைதட்டினோம். நானும்தான்.

கோட்டைத் திரும்ப வாங்கும் இடத்தில் என்னைத் தேடி வந்தாள். பொடி பூசியும் முகம் வெளுத்திருந்தது.

"உங்க பேரைச் சொல்லணும்னுதான் மேல ஏறினேன்."

"சொல்லலியே."

"சொல்லல" என்றாள். வேறு ஏதோ சொல்ல வந்தாள். அதற்குள் யாரோ அவள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்விட்டார்கள்.

மார்ச் 10

வானொலி நாடகத்துக்குச் சோதனை. வானொலியில் முகம் வேண்டாம், முடிவில் எல்லோர் பெயரையும் வாசிப்பார்கள். அதை நம்பித்தான் போனேன். விதவை வேடம். அழுதேன். அதே அழுகை. என்னுடையதுதானே, எடுத்துக்கொள்ள யாரைக் கேட்க வேண்டும்?

ஒலிப்பதிவு அறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து நாடகத் தயாரிப்பாளர், நல்ல மனிதர், ரொம்ப மெதுவாகச் சொன்னார்.

"பிரமாதமாப் பண்றீங்க. ஆனா இது விபேகாவோடது. கேக்கிறவங்க உடனே கண்டுபிடிச்சிடுவாங்க. உங்களுக்குன்னு ஒண்ணு வேணும்."

அது நான்தான் என்றேன். சிரித்துக்கொண்டே தலையாட்டினார். பைத்தியங்களிடம் தலையாட்டுவார்களே, அப்படி.

வெளியே வந்து பாலத்தின் மேல் நின்றேன். ஏரியில் வாத்துகள். சிரிப்பு வந்தது. நிறுத்த முடியாமல் வந்தது. ஒரு கிழவர் தொப்பியைத் தூக்கிவிட்டு விலகிப் போனார்.

மார்ச் 29

கிர்ஸ்டின் அக்கா தொலைபேசியில் பேசினாள். அம்மா செத்ததற்குப் பிறகு இப்போதுதான். என்னைத் திரையில் பார்க்க வேண்டுமென்று யாருக்கும் தெரியாமல் பக்கத்து ஊரான லெம்விக் போய்ப் படம் பார்த்திருக்கிறாள். என்னைப் பார்க்க! ஒரு விநாடி சந்தோஷப்பட்டேன். அடுத்த விநாடியே கத்தினாள்.

"அம்மா அழுததை அந்தப் பட்டணத்துக்காரிக்குச் சொல்லிக் கொடுத்தியாடி?"

"நான் சொல்லிக் கொடுக்கல. அழுததே நான்தான்க்கா. குரல் என்னோடது."

நம்பினாள் என்று நினைக்கிறேன். நம்பியது இன்னும் மோசம்.

"அப்ப உன் பேரு ஏன் போடல?"

தொலைபேசியை அடுத்த காதுக்கு மாற்றிக்கொண்டேன்.

"அம்மா யாரு முன்னாலயும் அழமாட்டா தோரா. அன்னிக்கி ஒரு நாள்தான். நாம ரெண்டு பேரும்தான் கேட்டோம்." வைத்துவிட்டாள்.

அது அம்மாவின் அழுகை என்று சினிமாக்காரர்கள் ஒருவரும் கண்டுபிடிக்காததை அவள் இருட்டில் உட்கார்ந்து கண்டுபிடித்திருக்கிறாள். அதுவும் என்னைத் திட்டுவதற்கு.

ஏப்ரல் 8

லோசேயின் புதுப் படம். விபேகாவுக்கு இரண்டு இடத்தில் அழுகை, எனக்குச் சமையற்காரி வேடம். குரலையும் நடிப்பையும் சேர்த்தே கேட்கிறார். நேரில் போய் முடியாது என்றேன். இரண்டுக்குமா என்றார். இரண்டுக்கும் என்றேன். "யோசிச்சுச் சொல்லுங்க, உங்க வயசுல..." என்று ஆரம்பித்தார். கதவைச் சாத்திக்கொண்டு வந்துவிட்டேன்.

ஐனாரிடம் சொன்னேன். எங்கே போகப்போகிறேன் என்று மட்டும் கேட்டான். ஊருக்கு என்றதும் பெட்டியை இறக்கிக் கொடுத்தான்.

மே 2, ஹார்போயர

அக்கா கதவைத் திறந்தாள். உள்ளே வா என்று சொல்லவில்லை, வழியை மறிக்கவும் இல்லை. மாடி அறையில் படுக்கை விரித்திருந்தது.

மே 20, ஹார்போயர

மீன் கூடத்தில் வேலைக்குச் சேர்ந்துவிட்டேன். கைகள் முழுக்க வெடிப்பு. இன்றைக்கு மீன் அடுக்கிக்கொண்டிருந்த ஒரு பெண் வேலையை நிறுத்திவிட்டு என்னையே உற்றுப் பார்த்தாள். எந்தப் படம் என்று யோசிக்கிறாளாக்கும் என்று காத்திருந்தேன்.

"நீங்க மாரென் பொண்ணுதானே?"

ஆமாம் என்றேன். பெட்டியின் மறுபக்கத்தைப் பிடித்துத் தூக்கச் சொன்னாள்.