பிளம்ஸ் மூலை

அன்பு மகன் லுபோஷுக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் சுகம். அப்பாவின் முழங்கால் மட்டும் மழைக்கு முன்னாலேயே முணுமுணுக்கத் தொடங்கிவிடுகிறது. நீயும் வேளைக்குச் சாப்பிட்டு நன்றாகத் தூங்குகிறாய் என்று நம்பிக்கொண்டே எழுதுகிறேன். போனில் சொன்னால் “சரிம்மா, சரிம்மா” என்று வைத்துவிடுவாய், அதனால்தான் கடிதம். நம் ஊர் பனியரங்குக்கு ஆபத்து வந்திருக்கிறது. ஐஸ் ஹாக்கி சங்கத்திலிருந்து ஆள் வந்து நாடாவைப் பிடித்து அளந்துவிட்டு, ஆடுகளம் மூன்று மீட்டர் குட்டை, அடுத்த வருடத்திலிருந்து இங்கே போட்டி கிடையாது என்று சொல்லிவிட்டார். போட்டி இல்லாமல் நகராட்சி ஐஸ் போடாது. கோடையில் அங்கே நடக்கிற கல்யாணமும் நாய்க் கண்காட்சியும் இனி வருடம் முழுக்க நடக்கும், அவ்வளவுதான். களத்தை நீட்ட வேண்டுமென்றால் வேலிக்கு அந்தப் பக்கம் நிற்கிற நம் பிளம்ஸ் மரங்கள் போக வேண்டும்.

அந்தக் கதை உனக்குப் பாதிதான் தெரியும். ஊரே ஞாயிற்றுக்கிழமைகளில் சம்பளமில்லாமல் மண் சுமந்து கட்டிய அரங்கு அது. உன் அப்பாவும் சுமந்தார், பாதி நேரம் வேலிக்கு மேலே என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். யூராய் தாத்தா எப்படியும் நிலத்தைக் கொடுத்துவிடுவார் என்று, அவரைக் கேட்காமலே நம் தோட்டம்வரை கணக்குப் போட்டுவிட்டார்கள். என் அப்பாவா கொடுப்பார்? சிமெண்ட் வண்டி வந்து நிற்கும்போது அவர் மரத்தடியில் நாற்காலி போட்டு உட்கார்ந்துகொண்டு, “ஐஸை எங்க வேணா ஊத்திக்கலாம்டா, மரத்த ஊத்த முடியுமா?” என்றார். வேறு வழியில்லாமல் களத்தின் கடைசித் தடுப்புப் பலகையை உள்ளே தள்ளி வைத்தார்கள். கூரை வருவதற்கு முன்பு நம் பழங்கள் உள்ளே விழுந்து ஐஸோடு உறைந்து, கோல்கீப்பர்கள் வழுக்கி விழுவார்கள். வெளியூர்க்காரர்கள் வேகத்தை அடக்கத் தெரியாமல் அந்த மூலையில் போய் முட்டிக்கொள்வார்கள், நம்மவர்கள் கை தட்டுவார்கள். பிளம்ஸ் மூலை இருக்கிறவரை நம்மை யாரும் ஜெயிக்க முடியாது என்று ஊருக்கே பெருமை. இப்போது மரத்தைக் கொடுக்காதே என்று சண்டை போடுவதும் அன்றைக்குக் கை தட்டிய அந்தக் கிழங்கள்தான். பக்கத்து வீட்டு ஃபெரோ உன் அப்பாவைப் பார்த்து, மாமனார் காத்த கோட்டையை மருமகன் விற்கிறான் என்று மதுக்கடையில் எல்லார் முன்னாலும் நக்கலடித்தாராம். அப்பா பாதிப் பீரை அப்படியே வைத்துவிட்டு வந்துவிட்டார்.

அளக்க வந்த ஆள் நாடாவைச் சுருட்டிக்கொண்டே சும்மாதான் கேட்டார், இங்கே பழகிய பையன் யாராவது பெரிய களத்தில் நிலைத்திருக்கிறானா என்று. அப்பா தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். எனக்கு அப்போதுதான் உறைத்தது. தலைநகரத்துக் குழு உன்னைக் கூப்பிட்டபோது ஊரே பேருந்து நிலையத்துக்கு வந்தது. ஒரு மாதம்கூட ஆகவில்லை, திரும்பி வந்துவிட்டாய். நீ தள்ளிய ரப்பர் வட்டெல்லாம் ஆளுக்குப் பின்னாலேயே போய் விழுந்ததாமே. அன்றைக்குச் சமையலறையில் என்னிடம் மட்டும், “அம்மா, அங்க ஐஸ் முடியவே மாட்டேங்குதும்மா” என்றாய். அதற்குப் பிறகு நீ ஸ்கேட்டைத் தொடவில்லை. ஊருக்கு வந்தாலும் அரங்கு இருக்கிற தெருவைச் சுற்றிக்கொண்டு போகிறாய். நான் பார்க்கவில்லை என்று நினைக்காதே. இத்தனை வருடமாக அதை உன் குறை என்று நீ சுமந்துகொண்டிருக்கிறாய். குறை உன்னிடம் இல்லை கண்ணே, ஐஸில்தான் இருந்தது, மூன்று மீட்டர்.

தோட்டத்தைத் தாத்தா பாதி எனக்கும் பாதி உனக்கும் எழுதிவைத்துவிட்டுப் போயிருக்கிறார். என் பங்கைக் கொடுத்துவிட நான் கையெழுத்துப் போட்டுவிட்டேன். உன்னை யாரும் கட்டாயப்படுத்த மாட்டார்கள், வேண்டாம் என்றால் வேண்டாம் என்று சொல். அப்பா ரம்பத்தைத் தீட்டிவைத்துவிட்டு, நீ சொல்லாமல் ஒரு கிளையைக்கூடத் தொட மாட்டேன் என்கிறார். இந்த வருடம் காய்ப்பு அதிகம், உனக்காக ஜாம் கிண்டி வைத்திருக்கிறேன். குளிரில் காதை மூடிக்கொள். கன்னி மரியாள் உன்னை எந்த ஊரிலும் கைவிடாமல் காக்கட்டும். ஒன்றை மட்டும் மறந்துவிடாதே: சம்மதம் என்றால் கையெழுத்தைத் தபாலில் அனுப்பாதே, நீயே வந்து போடு. உன் ஸ்கேட்டுக்கு அப்பா நேற்றே சாணை பிடித்துவிட்டார்.

உன் வரவை எதிர்பார்க்கும்
அம்மா ஒத்திலியா