லாரியை மீட்க நீ போட வேண்டிய கையெழுத்து

அன்பு மகனுக்கு அம்மா எழுதுவது. நீயும் மருமகளும் குழந்தையும் சௌக்கியமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இங்கே எங்களுக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை, மனசைப் பற்றி விசாரிக்காதே. போனில் பேசினால் பாதியில் மீட்டிங் என்று வைத்துவிடுவாய், அதனால்தான் எழுதுகிறேன், கடைசிவரை படி.

லாரி இன்னும் அதைப் பிடித்து வைத்த அதிகாரிகளின் அலுவலகத்துக்குப் பின்னால் வெயிலிலும் மழையிலும் கிடக்கிறது. பேட்டரியை எவனோ கழற்றிக்கொண்டு போய்விட்டான், பின்சக்கரம் காற்றிறங்கி உட்கார்ந்துவிட்டது, மண் ஏற்றுகிற பெட்டிக்குள் புல் முளைத்திருக்கிறது. அப்பா தினமும் வேலிக்கு வெளியே நின்று பார்த்துவிட்டு வருகிறார். வண்டி என் பேரில், ஓட்டுவது அவர், எங்கள் சாப்பாடு அதில்தான் என்பது உனக்குத் தெரியாததல்ல. நீ இங்கே வாங்கிப்போட்ட இடத்தில் மண் கொட்டப் போய்த்தான் பிடிபட்டது. அதிகாரிகள் நிறுத்தியபோது மனுஷன் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்கக் கூடாதா, "எங்க மகன் இடம், எங்க லாரி, யாரைக் கேக்கணும்?" என்று நெஞ்சை நிமிர்த்திச் சொல்லி, அவர்கள் அதை அப்படியே எழுதிக்கொள்ள, கீழே கையெழுத்தும் போட்டுக் கொடுத்துவிட்டு வந்தார். ஈரநிலம் என்றால் சொந்தக்காரன்கூடத் தூர்க்கக் கூடாது என்பது அவருக்கு எங்கே தெரியும். உனக்குத் தெரியும்.

பிறகு நான் அலைந்த அலைச்சலைக் கேள். கிரிமினல் கோர்ட்டில் மனுப் போட்டேன், பறிமுதல் உத்தரவு அதிகாரி போட்டது, அதில் நாங்கள் தலையிட முடியாது என்றார்கள். உன் பேச்சைக் கேட்டு நேரே ஹைகோர்ட்டுக்குப் போனேன், நீ பிடித்துக் கொடுத்த பெரிய வக்கீல் கோட்டின் மடிப்புக் கலையாமல் நின்றுவிட்டு வந்தார். மாவட்டக் கோர்ட்டில் மேல்முறையீடு என்று சட்டமே வழி வைத்திருக்கும்போது இங்கே ஏன் வந்தீர்கள் என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். இதை முதலிலேயே சொல்ல ஒருவருக்கும் வாய் வரவில்லை. இப்போது அந்த மேல்முறையீட்டுக்குக் கெடு நெருங்குகிறது. கூடவே ஒரு மனுவும் போட்டால், தீர்ப்பு வரும்வரை ஜாமீன் கட்டி வண்டியை விடச் சொல்லிக் கேட்கலாமாம்.

இங்குள்ள வக்கீலம்மாதான் விளக்கினார். வண்டி தப்புக் காரியத்துக்குப் போவது சொந்தக்காரருக்குத் தெரியாது, அவர் தன்னால் ஆன மட்டும் விசாரித்தார் என்று காட்டினால் வண்டி கிடைக்குமாம். நான் விசாரித்தேனே. கால் வைத்தால் முழங்கால்வரை உள்ளே போகிறதே, என்ன இடம்டா இது என்று உன்னைத்தானே கேட்டேன். "வீட்டு மனைதாம்மா, பேப்பரெல்லாம் பக்கா" என்றாய். உனக்கு இடத்தை விற்றவரோ, ஈரநிலம் என்று சொல்லித்தான் விற்றேன், அதனால்தான் விலை குறைத்தேன் என்று இப்போது சொல்கிறார்.

அதைக்கூட நான் விழுங்கியிருப்பேன். நேற்று வக்கீலம்மாவுக்கு நீ போன் பண்ணிச் சொன்னதுதான் தொண்டையில் நிற்கிறது. "நான் வேணாம்னுதான் சொன்னேன், அப்பாதான் கேக்காம கொட்டிட்டார்னு போட்டுடுங்க" என்றாயாம். உண்மையைச் சொன்னால் உன் வேலைக்கு ஆபத்து வருமாம். எப்படியடா மனசு வந்தது? வழக்கில் நிற்பது அவர், உள்ளே போவதென்றாலும் அவர்தான் போவார்.

இத்துடன் பிரமாணப் பத்திரம் வைத்திருக்கிறேன். ஈரநிலம் என்று தெரிந்தே வாங்கினேன், பெற்றவர்களிடம் மறைத்தேன் என்று அதில் இருக்கிறது. அங்கே இருக்கிற நம் தூதரகத்தில் அதிகாரி முன்னால் கையெழுத்துப் போட்டு அனுப்பு. அனுப்பாவிட்டால் நானே கூண்டில் ஏறிச் சொல்வேன், பெற்ற பிள்ளை என்று பார்க்கமாட்டேன். லாரி போனாலும் போகட்டும், அவர் தலையில் இதைக் கட்ட விடமாட்டேன்.

மருமகளுக்கும் குழந்தைக்கும் என் ஆசீர்வாதம். உனக்கும்தான், கோபத்தோடேயே தருகிறேன், நன்றாக இரு. கெடு முடிவதற்குள் பத்திரம் வந்து சேர வேண்டும், மறந்துவிடாதே. நீ சொன்னதை அப்பாவிடம் நான் சொல்லவில்லை. நீ வக்கீலம்மாவுக்குப் போன் பண்ணினாய் என்பது மட்டும் அவருக்குத் தெரியும். "பாத்தியா, புள்ளையே பேசிட்டான், இனிமே நமக்கென்ன கவலை" என்று காலையிலிருந்து வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறார்.

இப்படிக்கு,
உன் அம்மா