சத்தம் போட்டு மாட்டிய திருடன்

எங்கள் வீட்டு உள்துறை மந்திரிக்கு,

நான் சுகம். உன் முழங்கால் வலி தேவலையா? அத்தை மாத்திரையைத் துப்பாமல் விழுங்குகிறாரா?

ஞாயிறு மதியம் இங்கே வேலையாட்கள் சேர்ந்து தங்கும் எங்கள் அறையில் பகடை உருட்டி ஒரு கதை விளையாட்டு ஆடுகிறோம். அதில் நான் திருடன். சிரிக்காதே. கூடத் தங்கியிருக்கும் எலக்ட்ரீஷியன் பையன், நான் தம்பி என்று கூப்பிடுபவன், அவனும் திருடன்தான், ஆனால் மந்திரமும் கற்றுக்கொண்டான். கண்ணுக்குத் தெரியாத ஒரு கை, எட்ட நின்றே காவலன் இடுப்புச் சாவியைக் கழற்றுகிறது! எனக்கு வயிறு எரிந்தது. நானும் ஆளை மறைக்கும் மந்திரம் வாங்கினேன். பீப்பாய்க்குப் பின்னால் பதுங்கி, காவலன் நெருங்கியதும் அந்த மந்திரத்தைப் போட்டேன்.

கதை நடத்தும் தச்சர் தலையில் அடித்துக்கொண்டார். “அதை வாய்விட்டுச் சொல்லணும்யா! காவலன் காதுல விழுந்துடுச்சு.”

“அண்ணே, ஒளிஞ்சுக்கிட்டு யாராவது கத்துவாங்களா?” என்றான் தம்பி. இப்போது கதையில் நான் சிறையில்.

உள்ளதைச் சொன்னால், எனக்குப் பொறாமை அந்த மந்திரக் கை மேல் இல்லை. அவன் பெண்டாட்டி வாராவாரம் போனில் வந்து, அங்கிருந்தே அவனுக்காகப் பகடை உருட்டுகிறாள். அதுதான் தாங்கவில்லை.

இத்துடன் இருபது முகப் பகடை ஒன்று வைத்திருக்கிறேன். எனக்கு அதன் எண்கள் சரியாகத் தெரிவதில்லை, என் பழைய மூக்குக்கண்ணாடியை அனுப்பிவை. ஞாயிறு மூன்று மணிக்குப் போனில் வந்து நீயே உருட்டு. பதினைந்துக்கு மேல் விழுந்தால் எனக்கு விடுதலை.

வேலைக்கு ஏற்றிப்போகும் வேன் ஹாரன் அடிக்கிறது. விழாவிட்டாலும் போனை உடனே வைத்துவிடாதே.

உன் கைதி