தாசில்தார் நடந்த ஆட்டுப்பாதை

ஐப்பசி, வெள்ளிக்கிழமை. மழை விட்டிருக்கு.

கண்ணை மூடினா தாசில்தார் காலுதான் தெரியுது. முட்டு வரைக்கும் கரிசச் சேறு. செருப்பு கையில.

கண்மாய்க்கு எங்க ஆடு போற பாதையை மறிச்ச வேலியை எடுக்கச் சொல்லி ஐகோர்ட் தீர்ப்பு வந்து ரெண்டு வருசம். தாலுகா ஆபீஸ்ல போய்க் கேட்டப்பெல்லாம் "பாக்கலாம்"னுதான் சொன்னாவ. கோர்ட் அவமதிப்பு வழக்கு போட்டோம். திங்கக்கிழமைக்குள்ள எடுக்கலைன்னா தாசில்தாரே கோர்ட்டுல வந்து நிக்கணும்னு ஜட்ஜ் சொல்லிட்டாவளாம்.

மழை பெஞ்ச கரிசல்ல எவனும் வண்டி இறக்க மாட்டான். இன்னைக்கு இவிய இறக்குனாவ. ஜேசிபி புதைஞ்சிட்டு. பெறகு ஆபீஸ் ஆளுகளே சேத்துல நின்னு வேலியைப் பிடுங்குனாவ.

"அம்மா, ஆட்டைப் பத்துங்க. கோர்ட்டுக்குப் போட்டோ வேணும்"னாவ தாசில்தார்.

"சுத்துப் பாதையில பழகிட்டு சார். வராது."

வரலை. வேலி இருந்த இடத்துலயே மந்தை நின்னுட்டு. தாசில்தாரே வேப்பங்கொப்பை ஒடிச்சு நீட்டிக்கிட்டு முன்னால நடந்தாவ. கிடா பின்னாலயே போச்சு. அது பின்னால எல்லாம் போச்சு.

என்னை அறியாமக் கையெடுத்துக் கும்பிட்டேன். யாரைக் கும்பிட்டேன்னு இப்பவும் தெரியல.