செல்வராசாவை எந்த விதியில் நீக்குவது

1974 ஜூலை 12, வெள்ளி

காலையிலிருந்து காற்று. மேசையில் ஒரு தாள் நிற்கவில்லை. கூட்டுறவுச் சங்கக் கந்தோரில் எல்லாரும் குசுகுசுப்பு. தட்டெழுதுகிற எனக்குப் பத்து மணிக்குத்தான் விளங்கியது. பண்டத்தரிப்புப் பக்கத்துக் கிளைக் கடை விற்பனையாளர் செல்வராசாவை நீக்க வேண்டுமாம்.

புதன்கிழமை கடைக்குச் சீனி வந்திருக்கிறது. சங்கத் தலைவரின் மனைவி காரில் வந்து இறங்கி நேரே முன்னுக்குப் போக, செல்வராசா சொன்னாராம்: "அக்கா, வரிசையிலை வாங்கோ."

தலைவர் கத்தினார்: "வரிசை கிடக்கட்டும். ஆரை அக்கா எண்டு கூப்பிடுறான்? உவங்கடை ஆக்களுக்கு நாங்கள் எப்ப இருந்து அக்கா, அண்ணை?"

சாதியை வாயால் சொல்லவில்லை. அறை முழுக்க விளங்கியது. வரிசையில் நின்ற சிலர் சிரித்தார்களாம். அதுதான் கூடச் சுட்டிருக்கும்.

அக்கா என்று அழைத்த குற்றம் என்று நீக்கல் கடிதத்தில் அடிக்க முடியாது. "உறுப்பினரை அவமதித்தமை" என்று முகாமையாளர் சொன்னார், அடித்தேன். எந்த விதியின் கீழ்? அந்த இடம் வெறுமை.

ஜூலை 15, திங்கள்

அலுமாரியைக் கிளறினேன். இரண்டு கிடைத்தன.

1. பழைய கிராமச் சங்கத்தின் உபவிதி. சங்கங்களை ஒன்றாக்குவதற்கு முந்தியது. நிர்வாகக் குழு விரும்பினால் ஊழியரை நீக்கலாம். அவ்வளவுதான்.

2. கொழும்பிலுள்ள கூட்டுறவு ஊழியர் ஆணைக்குழுவின் புதிய சேவை விதிகள். குற்றப்பத்திரம், பதிலுக்குத் தவணை, வெளியாள் விசாரணை, மேன்முறையீடு. வந்த திகதி, சங்க முத்திரை, பெற்றுக்கொண்ட என் கையெழுத்து.

முகாமையாளரிடம் கொண்டுபோனேன். "செல்வராசா பழைய சங்கத்திலை சேந்தவன். அவனுக்குப் பழசு" என்றார்.

"இல்லை சேர், புதுசு எல்லாருக்கும் எண்டு போட்டிருக்கு."

கண்ணாடியைக் கழற்றினார். "பிள்ளை, உம்மை நிரந்தரமாக்கிற விஷயமும் உந்த நிர்வாகக் குழுக் கூட்டத்திலைதான் வருது. புதுசை நீர் காணேல்லை."

காணவில்லை. பழைய விதியின் இலக்கத்தை அடித்தேன்.

அம்மாவின் மருந்து வாங்க மறந்துபோனேன்.

ஜூலை 27, சனி

செல்வராசாவுக்கு நீக்கல் கடிதம் போய்விட்டது. மனம் கேட்கவில்லை. புதிய விதிகளின் பிரதியோடு பண்டத்தரிப்புக்கு பஸ். என்னைக் கண்டதும் செல்வராசா மடித்துக் கட்டிய சாரத்தைக் கணுக்கால் வரை இறக்கிவிட்டார்.

"மிஸ், நீங்கள் ஏன் இவ்வளவு தூரம்?"

"கொழும்புக்கு அப்பீல் எழுதும். உம்மை நீக்கின விதி இப்ப செல்லாது. நான் சொன்னதெண்டு மட்டும் ஒருத்தருக்கும் சொல்லவேண்டாம்."

அவர் மனைவி ஓடிப்போய்ச் சோடா வாங்கி வந்தா. மூடி திறக்காத போத்தல். உள்ளே தேயிலை கொதிக்கிற மணம். அவர்கள் வீட்டுக் கோப்பையில் நான் குடிக்க மாட்டேன் என்று அவர்களே முடிவுகட்டிவிட்டார்கள். "தேத்தண்ணி தாங்கோ" என்று கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. சோடாவைக் குடித்துவிட்டு வந்தேன்.

அக்டோபர் 3, வியாழன்

மழை. கொழும்புக் கடிதம். பழைய விதியில் நீக்கியது செல்லாது, செல்வராசாவை மீண்டும் வேலைக்கு எடுக்க வேண்டும். நடவடிக்கை தேவையென்றால் புதிய விதிகளின்படி தொடங்கலாம்.

நான் முதல் வாக்கியத்தோடு சந்தோஷப்பட்டேன். தலைவர் இரண்டாவதை வாசித்தார். "அப்ப, விதிப்படியே செய்வம்."

நவம்பர் 21, வியாழன்

விசாரணை. வெளியிலிருந்து வந்த ஓய்வுபெற்ற அதிகாரி. நேர்மையான ஆள்தான், குறை சொல்ல முடியாது.

தலைவரின் மனைவி: "வரிசையிலை நில்லடி எண்டான்."

செல்வராசா: "ஐயோ, அடி எண்டு சொல்லேல்லை ஐயா. அக்கா எண்டுதான் சொன்னனான்."

சாட்சி உண்டா என்று அதிகாரி கேட்டார். அன்றைக்கு வரிசையில் நின்ற ஆறு பேரைச் செல்வராசா கேட்டுவைத்திருந்தார். ஒருவரும் இல்லை. ஒருவர் மட்டும் கந்தோர்ப் படலை வாசல் வரை வந்து, தலைவரின் காரைக் கண்டதும் சைக்கிளைத் திருப்பினார். சொன்னதையெல்லாம் சுருக்கெழுத்தில் எடுத்தேன். வராதவர்களை எப்படி எடுப்பது?

டிசம்பர் 9, திங்கள்

என் நிரந்தர நியமனம் போன வாரம் வந்தது. அம்மா கோயிலுக்குப் போய் அருச்சனை செய்தா.

இன்று செல்வராசாவின் இரண்டாவது நீக்கல் கடிதம். குற்றம், விதி, பிரிவு, விசாரணைத் திகதி, எல்லாம் சரி. நானே இரண்டு முறை ஒப்புப் பார்த்தேன். மேன்முறையீட்டுக்கும் ஒரு பந்தி உண்டு. எந்தச் சாட்சியை வைத்துக்கொண்டு செய்வார்?

நேரில் வந்து வாங்கினார். கதிரை இருந்தும் நின்றபடியே வாசித்தார்.

"மிஸ், இந்த முறை எல்லாம் விதிப்படியோ?"

"ஓம், செல்வராசா."

என்னைவிடப் பத்து வயதாவது மூத்தவர். நான் ஒரு நாளும் அண்ணை என்று கூப்பிட்டதில்லை.