ஜன்னலில் தெரிந்த திரிசூல்

அக்டோபர் 9, வியாழன்

ஆபீஸ் பயிற்சிக்காக டெல்லியில் இருப்பதாகச் சொன்ன மகள் வித்யா, மாலையில் புது ஸ்வெட்டரோடு ஒரு படம் அனுப்பினாள். பின்னால் ஜன்னலில் மூன்று முனைகளோடு ஒரு பனிமலை. வகுப்புச் சுவரில் அதே மலையை மாட்டிவைத்து இருபது வருடமாகப் புவியியல் நடத்துகிற எனக்கா தெரியாது? உத்தரகாண்டின் திரிசூல். ஒரு நிமிடத்தில் படத்தை அழித்துவிட்டாள். அதன் பிறகு போன் கிடைக்கவில்லை. இங்கே மயிலாப்பூரில் புழுக்கத்தில் மின்விசிறியை நிறுத்த முடியவில்லை. அங்கே நாளை கடும் பனி பொழியும் என்கிறது டிவி.

“வித்யா பேசினாளா?” என்று அவள் அப்பா கேட்டார். போன மாதம்தான் அவருக்கு இதய ஆபரேஷன் ஆனது.

“பேசினா. டெல்லிலதான் இருக்கா” என்றேன்.

திரிசூலின் உயரம் 7,120 மீட்டர். தூக்கத்தில் கேட்டாலும் சொல்வேன். அதில் என் பெண் எந்த உயரத்தில் இருக்கிறாள் என்றுதான் தெரியவில்லை.